தையல் மெஷின் சத்தத்தில் அவர் குரல்

என் வீட்டுக்காரருடைய குரல் நல்ல குரல் என்று யாரும் சொல்லமாட்டார்கள். தொண்டைக்குள் ஒரு பிடி மண்ணை அள்ளிப் போட்ட மாதிரி கரகரவென்று இருக்கும். பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் அவருக்குத் 'தகர டப்பா சார்' என்று பெயர் வைத்திருந்தார்கள். வீட்டுக்கு வந்து அதைச் சொல்லிச் சிரித்ததே அவர்தான். நான் ஒன்பதாவதோடு நின்றவள். எழுதுவதெல்லாம் அவர் வேலை. ஆனால் அந்தக் குரலைப் பற்றி நான் எழுதாவிட்டால் வேறு யாரும் எழுதப்போவதில்லை. அதனால் உட்கார்ந்தேன். பெருமாள், தாயார் துணை.

நாங்கள் இரண்டு பேரும் ஸ்ரீவில்லிபுத்தூர்க்காரர்கள். கல்யாணம் ஆனபோது அவர் ஒரு தினசரிப் பேப்பருக்கு ஊர் நிருபர். கோர்ட்டு, தேர்த் திருவிழா, தண்ணீர் கேட்டு மறியல் என்று எல்லாவற்றுக்கும் ஓடுவார். அந்த வேலையில் அவருக்குப் பிடிக்காதது ஒன்றுதான். எங்காவது விபத்து நடந்து ஆள் செத்துப்போனால், அந்த வீட்டுக்குப் போய்ச் செத்தவருடைய போட்டோ ஒன்றைக் கேட்டு வாங்கி அனுப்ப வேண்டும். அழுகிற வீட்டில் போய் எப்படிக் கேட்பது? ஆனாலும் கேட்டுத்தான் ஆகவேண்டும். ஒருநாள் வெடி ஆலையில் செத்துப்போன ஒரு பிள்ளையின் போட்டோவை, பள்ளிக்கூடத்து அடையாள அட்டையிலிருந்து பிய்த்து அந்தத் தாய் இவர் கையில் கொடுத்திருக்கிறாள். மறுநாள் பேப்பரில் அந்தப் பிள்ளைக்கு இடம் ஐந்து வரி.

"ஒரு உசுரு அஞ்சு வரியில முடிஞ்சுபோச்சுட்டி. அந்தப் பிள்ளை ஏன் பள்ளிக்கூடத்துக்குப் போகாம அங்க வேலைக்குப் போச்சுன்னு எழுதியிருந்தேன். அதை வெட்டிட்டானுவ" என்றார். அன்றைக்குச் சாப்பிடவில்லை.

அதற்குப் பிறகு ராஜபாளையத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் தமிழ் வாத்தியார் வேலை கிடைத்தது. வீட்டையும் மாற்றிக்கொண்டு வந்தோம். வாடகைக்குப் பிடித்த வீட்டை ஒட்டினாற்போல் பேண்டேஜ் துணி நெய்கிற தறிக்கூடம். காலையிலிருந்து அந்தி வரைக்கும் தடதடவென்று ஓடும். முதல் மாதம் எனக்குத் தலைவலியே வந்துவிட்டது. பிறகு அந்தச் சத்தம் இருப்பதே மறந்துபோனது. அவர் முன் அறையில் உட்கார்ந்து ஏதாவது சொல்வார். நான் அடுப்படியில் இருந்து பதில் சொல்வேன். யாரும் குரலை உயர்த்தியதில்லை. எங்களுக்குப் பிள்ளை இல்லை. பேச்சுதான் இருந்தது.

வாத்தியாராக இருந்த காலத்திலும் அந்த அடையாள அட்டைப் பிள்ளை அவரை விடவில்லை. வகுப்பில் ஒரு பெண் பிள்ளை நான்கு நாள் வரவில்லை என்றால் சைக்கிளை எடுத்துக்கொண்டு வீடு தேடிப் போய்விடுவார். தளவாய்புரம் வரைக்கும்கூடப் போவார். அங்கே வீட்டுக்கு வீடு நைட்டி தைக்கிறார்கள். பிள்ளையைக் கூடவே மெஷினில் உட்கார வைத்துவிடுவார்கள். இவர் வாசலில் நின்று பேசுவார். சில வீட்டில் மோர் கொடுப்பார்கள். சில வீட்டில் கதவைச் சாத்துவார்கள்.

இதையெல்லாம் படமாக எடுக்கவேண்டும் என்று அவருக்கு எப்போது தோன்றியது என்று எனக்குத் தெரியாது. ஒருநாள் சாயங்காலம் வேலையை விடப்போவதாகச் சொன்னார். நான் பூஜை அறையில் விளக்குத் திரியைத் திருத்திக்கொண்டிருந்தேன். "பெருமாள் என்ன நினைக்கிறாரோ" என்று மட்டும் சொன்னேன். என் நாத்தனார், அதாவது அவருடைய அக்கா, அப்படி விடவில்லை. நான் அவரை மதினி என்று கூப்பிடுவேன். அவர் இன்னும் ஸ்ரீவில்லிபுத்தூரில்தான் இருக்கிறார். செய்தி தெரிந்ததும் டவுன் பஸ் ஏறி வந்துவிட்டார்.

"ஏலே, தலை நரைச்ச பொறவு கூத்தடிக்கப் போறியா? வாத்தியார் வீடுன்னு நாலு பேரு மதிக்கான். இனிமே சினிமாக்காரன் வீடும்பான்."

"அக்கா, உனக்கும் படத்துல ஒரு வேசம் வச்சிருக்கேன்."

"எனக்கா? என்ன வேசம்லே?"

"சண்டைக்காரி. நீ நடிக்கவே வேண்டாம், சும்மா வந்து நின்னாப் போதும்."

மதினி செருப்பைத் தேடினார். பிறகு அவரும் சிரித்துவிட்டார். ஆனால் தம்பி இருந்தவரைக்கும் அந்தச் சண்டை ஓயவில்லை என்றுதான் சொல்லவேண்டும். தம்பி போன பிறகும் அந்தச் சண்டையை யாரோடு போடுவது என்று தெரியாமல் என்னோடு போட்டார்.

படத்துக்குப் பணம் போட்டவர் அவரோடு படித்த ஒரு மில் முதலாளி. வீட்டில் தெலுங்கு பேசுகிறவர்கள். "ஏமிரா டைரக்டர்!" என்று கூப்பிட்டுக்கொண்டே வருவார். நான் அவரை அண்ணாச்சி என்பேன். கூடவே இருந்து வேலை பார்க்க, சென்னையில் பல படத்தில் உதவி டைரக்டராக இருந்த கூமாப்பட்டிக்காரர் ஒருவர் வந்து சேர்ந்தார். வயது நாற்பது இருக்கும். என்னை அக்கா என்றுதான் கூப்பிடுவார். இவ்வளவு பேர்தான் எனக்குத் தெரிந்த சினிமா.

தளவாய்புரத்தில் படம் பிடித்த ஒரு சனிக்கிழமை நான் போயிருந்தேன். பெருமாளுக்குப் படைத்த புளியோதரையைத் தூக்குச் சட்டியில் எடுத்துக்கொண்டு போனேன். அங்கே எல்லாரும் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்கள். வாத்தியார் வேஷத்துக்கு வரவேண்டிய நடிகர் வரவில்லை. வேறு படத்தில் மாட்டிக்கொண்டாராம்.

கூமாப்பட்டிக்காரர், "சார், நீங்களே நின்னுருங்க. நெசமாவே வாத்தியார்தான நீங்க" என்றார்.

"என் மூஞ்சிய யாருய்யா பாப்பா?"

"அக்கா இத்தன வருசமாப் பாத்துக்கிட்டுத்தான இருக்காக!"

எல்லாரும் சிரித்தார்கள். அவர் என்னைப் பார்த்தார். நான் தலையைக் குனிந்துகொண்டேன். அன்றைக்குப் போட்டிருந்த நீலக் கோடு போட்ட சட்டையோடே நின்றார்.

அது படத்தின் முக்கியமான இடம். வாத்தியார் ஒரு வீட்டு வாசலில் நிற்கிறார். பிள்ளையைப் பள்ளிக்கூடத்திலிருந்து நிறுத்த வேண்டாம் என்று அதன் தகப்பனிடம் சொல்கிறார். எவ்வளவோ சொல்லிப் பார்க்கிறார். தகப்பன் அசையவில்லை. கடைசியில் குரலைத் தாழ்த்தி, "அவ நல்லா எழுதுவாய்யா" என்கிறார். அவ்வளவுதான். அந்தத் தகப்பன் அந்த ஒரு சொல்லுக்குத்தான் தலையை நிமிர்த்துகிறான். படத்தில் அதற்குப் பிறகு நடக்கிறதெல்லாம் அந்தச் சொல்லினால் நடக்கிறது.

ஆரம்பிக்கிறதுக்கு முன்னால் மேனேஜர் ஒருவர் வந்து, "சார், ரெண்டு பக்கமும் மெஷின் ஓடுது. செத்த நேரம் நிறுத்தச் சொல்லட்டுமா?" என்று கேட்டார்.

"வேண்டாம். உருப்படிக்கு இம்புட்டுன்னு கூலி வாங்குறவுக. நம்ம படத்துக்கு அவுக ஏன் கூலிய விடணும்? எப்படியும் டப்பிங்லதான பேசப்போறோம்."

எனக்குப் புரியவில்லை. கூமாப்பட்டிக்காரர் விளக்கினார். "இப்பப் பதியுற சத்தம் சும்மா அடையாளத்துக்குத்தான் அக்கா. பொறவு ஸ்டூடியோவுல உக்காந்து, படத்தப் பாத்து, உதட்டசைவுக்கு ஏத்தாப்புல எல்லாத்தையும் மறுபடி பேசுவாக. அதான் தியேட்டர்ல வரும்."

அவர் நடித்தார். நடித்தார் என்று சொல்லக்கூடாது, எத்தனையோ வாசலில் நின்று பேசியதைப் பேசினார். தெருவெல்லாம் மெஷின் ஓடியது. நான் தூக்குச் சட்டியோடு எதிர் வீட்டு நிழலில் நின்றேன். "அவ நல்லா எழுதுவாய்யா" என்று அவர் சொன்னது எனக்குத் தெளிவாகக் கேட்டது. கண் நிறைந்துவிட்டது. பக்கத்தில் தைத்துக்கொண்டிருந்த பெண்ணும் காலை எடுத்து மெஷினை நிறுத்திவிட்டு முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். அவர் அவளைப் பார்த்து, "நீங்க தைங்கம்மா" என்றார்.

எல்லாம் முடிந்தது. சென்னையில் படத்தை வெட்டி ஒட்டிக் கோத்தார்கள். டப்பிங் ஆரம்பிக்கப் போகிறது, அதற்குள் புரட்டாசிச் சனிக்கிழமைக்கு வீட்டில் இருந்துவிட்டு வருகிறேன் என்று வந்தார். கோயிலுக்குப் போய்த் தாயாரைச் சேவித்தோம். மறுநாள் காலையில் முன் அறை நாற்காலியில் பேப்பரோடு உட்கார்ந்திருந்தார். நான் அடுப்படியிலிருந்து, "காப்பி இன்னொரு வாய் வேணுமா?" என்று கேட்டேன். பதில் இல்லை. தறிச் சத்தத்தில் கேட்கவில்லை போலிருக்கிறது என்று நினைத்துப் பாலை இறக்கினேன். இறக்கிவைத்த பிறகுதான் உறைத்தது. எங்களுக்கு எந்தக் காலத்தில் தறிச் சத்தத்தில் கேட்காமல் இருந்தது?

ஓடிப் போனேன். பேப்பர் மடியில் இருந்தது. அவர் இல்லை.

காரியமெல்லாம் முடிந்து, வீட்டில் ஆள் வருவது குறைந்த பிறகு கூமாப்பட்டிக்காரர் ஒருநாள் வந்தார்.  போனை எடுத்து வைத்துக்கொண்டு சொன்னார்.

"அக்கா, மத்த எல்லாரும் டப்பிங் பேசிட்டாக. சார் பேசுன எடம் மட்டும்தான் பாக்கி. அவுக இல்ல. வேற ஆள் குரல்தான் போடணும். மூணு பேரப் பேச வச்சுக் கொண்டாந்திருக்கேன். எது சார் குரல் மாதிரி இருக்குன்னு நீங்கதான் சொல்லணும்."

மூன்றையும் போட்டார். மூன்று ஆண்கள், ஒருவர் பின் ஒருவராக என் வீட்டுக்காரர் பேசியதைப் பேசினார்கள். ஒருத்தர் குரல் மழமழவென்று இருந்தது. ஒருத்தர் கரகரப்பை வேண்டுமென்றே வரவழைத்துப் பேசினார். மூன்றாவது ஆள் பரவாயில்லை. ஆனால் பரவாயில்லை என்பதை வைத்து நான் என்ன செய்ய?

"அவுக அன்னைக்குப் பேசுனது இருக்குல்ல, அதையே போடுங்க" என்றேன்.

"அது மெஷின் இரைச்சல் அக்கா. ஆகாது."

"போடுங்க. நான் கேக்கேன்."

போட்டார். தளவாய்புரத்துத் தெரு அப்படியே வந்தது. அதற்குள் அவர். ஒரு எழுத்து விடாமல் கேட்டது எனக்கு. "இதுல என்ன கொறை?" என்று கேட்டேன். கூமாப்பட்டிக்காரர் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார். அந்த நேரம் அண்ணாச்சி வந்தார். அவருக்கும் போட்டுக் காட்டினோம். வாழ்நாளெல்லாம் நூல் மில்லுக்குள் நடந்த மனிதர். "தெளிவா இருக்கேய்யா. என் சிநேகிதன் குரலை எடுத்துட்டு எவன் குரலையோ போடுவியா? இதையே வைய்யி" என்றார். கூமாப்பட்டிக்காரருக்கு மட்டும் மனசில்லை. இருந்தாலும் இரைச்சலை முடிந்தவரைக்கும் குறைத்துப் பார்க்கிறேன் என்று போனார்.

நான் அன்றைக்கே தாயாரிடம் போய் வேண்டிக்கொண்டேன். ஆளை எடுத்துக்கொண்டாய், குரலையாவது விட்டுக்கொடு என்று கேட்டேன். வேறு எதுவும் கேட்கவில்லை.

கொஞ்ச நாள் கழித்து, படத்தைச் சென்னையில் கொஞ்சம் பேருக்குப் போட்டுக் காட்டப் போவதாகச் சொல்லி என்னையும் அண்ணாச்சியையும் கூப்பிட்டார்கள். சின்னத் தியேட்டர், மெத்தை நாற்காலி, ஊசி விழுந்தாலும் கேட்கிற இடம். அவர் வருகிற இடம் வந்தது. அதே நீலக் கோடு போட்ட சட்டை. நான் கையைக் கூப்பிக்கொண்டேன். மெஷின் சத்தம் மொத்தத் தியேட்டரையும் நிறைத்தது. அதற்கு நடுவில் அவர் பேசினார். எனக்கு எல்லாம் கேட்டது.

ஆனால் எனக்கு முன் வரிசையில் இருந்தவர் பக்கத்து ஆளிடம், "என்ன சொல்றாரு?" என்று கேட்டார். "தெரியலையே" என்றார் அந்த ஆள். "அவ நல்லா..." வந்த இடத்தில் பின்னாலிருந்து யாரோ, "கீழ எழுத்தாவது போட்டிருக்கலாம்" என்று சொல்ல, இரண்டு மூன்று பேர் சிரித்தார்கள். திரையில் அந்தத் தகப்பன் தலையை நிமிர்த்தினான். எதற்கு நிமிர்த்தினான் என்று அங்கே ஒருத்தருக்கும் தெரியவில்லை. அதற்குப் பிறகு வந்த படம் அவர்களுக்கு வேறு படமாகிவிட்டது. பாதியிலேயே போனைப் பார்க்க ஆரம்பித்துவிட்டார்கள்.

வெளியே வந்து நின்றோம். அண்ணாச்சி தன் காதைத் தொட்டுக் காட்டினார். "இது மில்லுக் காதும்மா. எம்புட்டு இரைச்சல்லயும் பேச்சப் பிரிச்சுக் கேட்டுரும். நம்ம ஊர்ல எல்லாருக்கும் இதுதான். நமக்குக் கேட்டா ஊருக்கே கேக்கும்னு நெனச்சுட்டேன்." 

கூமாப்பட்டிக்காரர், "நீங்க வேண்டாம்னா நான் மாத்தல அக்கா. இப்படியே விட்டுருவோம். அவுக உங்க வீட்டுக்காரர்" என்றார்.

நான் ஊருக்கு வந்துவிட்டேன். தாயார் மேல் கோபம் வந்தது. கொஞ்ச நாள் கோயிலுக்கே போகவில்லை. என் பிறப்பில் அப்படி இருந்ததில்லை. அவர் குரல் இருந்தால் அவர் சொன்னது போகும். அவர் சொன்னது இருக்கவேண்டுமானால் அவர் குரல் போகவேண்டும். இதற்கு எந்தச் சாமியிடம் போய் என்ன கேட்க?

ஒருநாள் தறி ஓடாத நாள். கரண்ட் இல்லை. வீடு அவ்வளவு அமைதியாக இருந்தது. அப்போது அவர் வாத்தியாராகச் சேர்ந்த புதிதில் நடந்தது ஒன்று ஞாபகத்துக்கு வந்தது. பள்ளிக்கூடத்திலிருந்து முகம் வாடி வந்தார். என்ன என்று கேட்டேன். கடைசி பெஞ்சில் ஒரு பிள்ளைக்குக் காது மந்தம், இத்தனை நாளாகத் தனக்குத் தெரியாமல் போய்விட்டது என்றார். "அந்தப் பிள்ளைக்குக் கேக்காம நான் எம்புட்டுப் பேசி என்னட்டி? சும்மா என் சத்தத்த நானே கேட்டுக்கிட்டு இருந்திருக்கேன்" என்றார். மறுநாளிலிருந்து அந்தப் பிள்ளையை முன்னால் உட்கார வைத்து, அதன் முகத்தைப் பார்த்துத்தான் பாடம் நடத்தினார்.

நான் கூமாப்பட்டிக்காரருக்குப் போன் போட்டேன்.

"வேற ஆள வச்சே பேசிருங்க தம்பி."

 "மூணாவது ஆளா அக்கா?" என்றார்.

"ஆமா. ஒண்ணு மட்டும் சொல்லிருங்க அவருகிட்ட. 'அவ நல்லா எழுதுவாய்யா'ங்கறப்ப சத்தத்தக் கூட்டிறக் கூடாது. அவுக அந்த எடத்துல கெஞ்சுவாக. ஆனா கெஞ்சுறது தெரியக்கூடாதுன்னு நெனைப்பாக."

"சொல்லுதேன் அக்கா" என்றார். அழுகிறார் என்று தெரிந்தது. நான் போனை வைத்துவிட்டேன். இந்த விஷயத்தை மதினியிடம் சொல்ல வேண்டாம் என்று அண்ணாச்சியும் நானும் பேசிக்கொண்டோம். தம்பி குரலை எடுத்துவிட்டார்கள் என்று தெரிந்தால் தியேட்டர் வாசலில் உட்கார்ந்து கத்துவார்.

படம் ராஜபாளையத்துத் தியேட்டரில் வந்தது. நானும் மதினியும் பகல் ஆட்டத்துக்குப் போனோம். தங்கள் தெரு படத்தில் வருகிறது என்று தளவாய்புரத்துப் பெண்கள் ஒரு வேன் பிடித்து வந்திருந்தார்கள். "ஏட்டி, அந்தா என் வீடு!" "உன் வீடு எங்கட்டி, உன் வீட்டுக் கோழிதான் தெரியுது" என்று ஒரே கூத்து.

அவர் வந்து வாசலில் நின்றார். வாயைத் திறந்தார்.

வேறு ஆளுடைய குரல்.

 அந்த மனிதர் நன்றாகத்தான் பேசியிருந்தார். குறை சொல்லக்கூடாது. நான் சொன்ன மாதிரியே கடைசிச் சொல்லைத் தாழ்த்திச் சொன்னார். தியேட்டரில் அத்தனை பேரும் அமைதியாகிவிட்டார்கள். தகப்பன் தலையை நிமிர்த்தினான். பின்னாலிருந்து ஒரு பெண் விசும்புகிற சத்தம் கேட்டது. அவர் சொன்னது போய்ச் சேர்ந்துவிட்டது. என் வீட்டுக்காரருடைய உதடு அசைந்துகொண்டிருந்தது, அவர் மட்டும் அங்கே இல்லை. முதல் தடவை அவர் நாற்காலியில் போனார். இரண்டாவது தடவை நானே அனுப்பி வைத்தேன்.

மதினி என் கையை இறுகப் பிடித்திருந்தார். கண்ணீர் தாடையில் ஒழுகியது.

"ஏட்டி, எந்தம்பி கொரலு அப்படியே இருக்குட்டி. பக்கத்துல நின்னு பேசுறாப்புல இருக்கு."

கூடப் பிறந்தவர். சின்னப் பிள்ளையிலிருந்து அந்தக் குரலோடு சண்டை போட்டவர். அவருக்கே தெரியவில்லை. அந்தத் தியேட்டரில் அது அவர் குரல் இல்லை என்று தெரிந்த ஆள் நான் ஒருத்திதான். சொல்லிவிடலாமா என்று நாக்கு வரைக்கும் வந்தது. சொன்னால் எனக்குத் துணைக்கு ஒரு ஆள் கிடைக்கும், மதினிக்குத் தம்பி இல்லாமல் போய்விடுவார்.

"ஆமா மதினி, அப்படியே இருக்கு" என்றேன்.

படம் முடிந்து விளக்குப் போட்டார்கள். மதினி எழுந்திருக்கவில்லை. "அவன் பேசுற எடத்த மட்டும் இன்னொரு தடவ போடுவாங்களா?" என்று கேட்டார்.

"அப்படிப் போட மாட்டாங்க மதினி. அடுத்த ஆட்டத்துலதான் வரும்."

"அப்ப இருந்து கேட்டுட்டே போவோம். நீ போய் டிக்கெட் எடுத்துட்டு வா."

நான் போய் வரிசையில் நின்றேன்.